வீப்கே ரொட்டிக்கடை மாற்றிய வசந்தம்

அந்த வருடம் மார்ச் மாதத்தில் வீப்கே ஹார்ம்ஸன் தன் தெருமுனை ரொட்டிக்கடைக்குப் போவதை நிறுத்தினாள். காலையில் வீட்டைவிட்டு இறங்கியதும் எதிர்ச்சாரிக்குத் தாண்டி, தலையைக் குனிந்துகொண்டு அந்தக் கடையின் கண்ணாடியைக் கடந்து, ஹாம்பர்க் நகரின் ஆல்டோனா ரயில் நிலையத்துக்கு அந்தப் பக்கம் இருக்கும் இன்னொரு கடைவரைக்கும் நடந்தாள். அங்கே ரொட்டி சுமார்தான். உருண்டை ரொட்டி பஞ்சு மாதிரி இருக்கும். பட்டைத்தூள் ரொட்டியில் சர்க்கரை போட்டது அடுப்புக்கே தெரியாது. இருந்தும் போனாள். அவளுக்கு வேறு வழி இல்லை.

இதற்கெல்லாம் காரணம் யோஸ்ட்.

யோஸ்ட் எல்லர்ப்ரோக் படம் எடுப்பவன். வீப்கே எடிட்டர், அவன் எடுப்பதை வெட்டி ஒட்டிப் படமாக்குபவள். இருவரும் இளமையிலிருந்து சேர்ந்து வேலை செய்கிறார்கள். கல்யாணம் பண்ணிக்கொண்டவர்கள்கூட இவ்வளவு நேரம் ஒரே அறையில் உட்கார்ந்திருக்க மாட்டார்கள் என்று யோஸ்டின் முதல் மனைவியும் சொன்னாள், இரண்டாம் மனைவியும் சொன்னாள். அன்றைக்கு அவன் புதுப் படத்தின் மொத்தக் காட்சிகளையும் ஒரு பெட்டியில் போட்டுக்கொண்டு அவளுடைய எடிட்டிங் அறைக்கு வந்தான்.

"அம்மா வேஷத்துக்கு ஒருத்தரப் புடிச்சிருக்கேன் பாரு. நடிகையே இல்ல. நீ அசந்துடுவ."

வீப்கே முதல் ஷாட்டை ஓடவிட்டாள். திரையில் ஒரு சமையலறை. மேசைக்குப் பின்னால் நீலக் கம்பளிச் சட்டையில் உட்கார்ந்திருப்பவரைப் பார்த்ததும் அவள் கை நின்றது.

"டேய், இது ஃப்ரௌ லூர்ஸ்!"

"ஆமா. போன வருஷம் உன்னைப் பார்க்க வந்தப்ப ரொட்டி வாங்கினேன். பையோட வாயை மடிச்சு, ஒரு தட்டு தட்டிக் கொடுத்தாங்க. அந்தத் தட்டு போதும்னு முடிவு பண்ணிட்டேன்."

"நான் தினம் ரொட்டி வாங்குற அம்மாடா இவங்க. ஹாம்பர்க் முழுக்கத் தேடி உனக்கு வேற ஆளே கிடைக்கலையா?"

"எனக்குக் கிடைக்கல. உனக்கு வேற ரொட்டிக்கடை கிடைக்கும்ல?"

அவன் விளையாட்டாகத்தான் சொன்னான். அவள் அதை அப்படியே எடுத்துக்கொண்டாள்.

ஏன் என்று கேட்டால், வீப்கேவுக்குத் தொழிலில் ஒரு விரதம் உண்டு. படப்பிடிப்புக்குப் போகமாட்டாள். நடிப்பவர்களைப் படம் முடியும்வரை பார்க்கமாட்டாள், பேசமாட்டாள். திரையில் இருப்பதுமட்டும்தான் அவளுக்குத் தெரிய வேண்டும். பார்வையாளருக்கு வேறு என்ன தெரியும்?

இந்த விரதம் பிறந்த கதை பழையது. யோஸ்டின் மூன்றாவது படத்தின்போது அவள் ஹெல்கோலாண்ட் தீவுக்குப் படப்பிடிப்பைப் பார்க்கப் போயிருந்தாள். கொட்டுகிற மழையில் கேமராக்காரரைக் கம்பத்தோடு கயிறு போட்டுக் கட்டி, நான்கு பேர் குடை பிடிக்க, ஒரே ஒரு ஷாட் எடுக்க ஒரு பகல் முழுக்கப் போராடினார்கள். அவளும் தேநீர் தூக்கிக்கொண்டு ஓடினாள். ஊருக்குத் திரும்பி அதை வெட்ட உட்கார்ந்தபோது கை வரவில்லை. இத்தனை பேர் நனைந்தார்களே! ஷாட் முழுசாகப் படத்தில் இருந்தது. படம் அங்கே வந்து படுத்துக்கொண்டது. திரையில் தெரிந்தது கொஞ்சம் கடலும் கொஞ்சம் மூடுபனியும்தான்; நனைந்தவர்கள் யாரும் தெரியவில்லை. அதற்குப்பிறகு அவள் எந்தப் படப்பிடிப்பையும் எட்டிப் பார்க்கவில்லை.

இட்ஸஹோ என்ற சிறிய ஊரில் பெட்ரோல் பங்க் நடத்தியவர்களின் மகள் அவள். அந்த வீட்டில் பள்ளிப்படிப்பை முழுசாக முடித்துக் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள். சினிமாவில் வேலை என்றதும் அம்மா அக்கம்பக்கத்தில் எல்லோரிடமும் சொன்னார். முதல் படம் அந்த ஊர்த் தியேட்டருக்கு ஒரே ஒரு நாள் வந்தபோது அம்மாவும் அப்பாவும் நல்ல உடுப்புப் போட்டுக்கொண்டு போனார்கள். திரும்பிவந்து அம்மா கேட்டார், "எல்லாம் சரிடி, இதுல நீ எங்க இருக்க?" அப்பாவுக்கு வேறு சந்தேகம். "அந்த ஆளு அவ்ளோ நேரம் ஜன்னலயே பார்க்குறானே, அவனுக்கு வேலைவெட்டி ஒண்ணும் இல்லையா?"

வீப்கே ரயிலில் ஹாம்பர்க் திரும்பும்போது யோசித்தாள். அப்பா சொன்னது சரி. ஜன்னல் ஷாட் கொஞ்சம் நீளம்தான்.

தொடக்கத்தில் அவள் வேலை செய்தது படச்சுருளில். பருத்திக் கையுறை போட்டுக்கொண்டு, வெட்டிய துண்டுகளைக் கொக்கிகளில் மாட்டித் தொங்கவிட்டு, வாயில் ஒட்டுநாடாவைக் கவ்விக்கொண்டு நிற்பாள். பிறகு கணினி வந்தது. கையுறை போயிற்று, வேலை போகவில்லை. அவள் வெட்டிய படங்கள் சின்னத் தியேட்டர்களில் ஓடின. சிலவற்றை ஆயிரம் பேர்கூடப் பார்த்திருக்கமாட்டார்கள். இரண்டு படங்களுக்கு விருது கிடைத்தது. யோஸ்ட் மேடையேறி வாங்கினான். வீப்கே கீழே மூன்றாவது வரிசையில் உட்கார்ந்து கைதட்டிவிட்டு, பக்கத்தில் இருந்தவரிடம் "அவன் கோட்டு இடுப்புல இறுக்குது பாருங்க" என்றாள். அவளுக்கு அதில் வருத்தம் இல்லை. வாழ்க்கை அவளுக்குப் பிடித்திருந்தது. ஒருவர் எப்போது கண்ணை இமைக்கப்போகிறார் என்று பார்த்துக்கொண்டே இருப்பதற்குச் சம்பளம் கொடுக்கிறார்கள், வேறென்ன வேண்டும்?

ஒரு சங்கடம் மட்டும் உண்டு. நடிகர்களை அவளுக்கு அங்குலம் அங்குலமாகத் தெரியும்; அவர்களுக்கு அவளைத் தெரியாது. ஒருமுறை நகர ரயிலில் ஒரு நடிகரைப் பார்த்ததும் உரிமையோடு தோளில் தட்டி, "பல்வலி சரியாப் போச்சா?" என்று கேட்டுவிட்டாள். அந்த மனிதர் அடுத்த நிலையத்திலேயே இறங்கி ஓடிவிட்டார். பாவம், பல்வலியை அவர் யாரிடமும் சொல்லியிருக்கவில்லை.

இப்போது நிலைமை தலைகீழ். முகம் திரைக்கு வருவதற்கு முன்பே அவளுக்குத் தெரிந்திருந்தது. எட்டு வருடமாகத் தெரியும்.

கெர்டா லூர்ஸுக்கு, அதாவது திருமதி என்ற மரியாதையோடு எல்லோரும் கூப்பிடும் ஃப்ரௌ லூர்ஸுக்கு, அறுபத்துச்சொச்சம் வயது. கல்லாவுக்குப் பின்னால் நிற்பவருக்குத் தெருவே சினிமா. அவர் கண்ணில் எதுவும் தப்பாது. வீப்கே கண்ணாடியைக் கடந்து போவதை முதல் நாளே பார்த்துவிட்டார். ஒரு வாரம் பொறுத்தார். பிறகு யோஸ்டுக்குப் போன் செய்தார்.

"உன் ரொட்டிக்கடை அம்மா கூப்பிட்டாங்க" என்றான் யோஸ்ட், எடிட்டிங் அறையின் சோபாவில் காலை நீட்டியபடி. "ஃப்ரௌ ஹார்ம்ஸன் என் மூஞ்சியிலயே முழிக்க மாட்டேங்கறாங்களே, நான் அவ்ளோ மோசமாவா நடிச்சிருக்கேன்னு கேட்டாங்க."

"நீ என்ன சொன்ன?"

"அவ எல்லார்கிட்டயும் அப்படித்தான்னு சொன்னேன்."

"நல்லா சொன்ன போ."

அடுத்த திங்கட்கிழமை கெர்டாவுக்கு விடுமுறை. வீப்கே ரயில் நிலையத்துக்கு அந்தப் பக்கத்துக் கடையில் வரிசையில் நின்றுகொண்டிருந்தாள். முன்னால் நின்றவர் திரும்பினார்.

"மொயின், ஃப்ரௌ ஹார்ம்ஸன்" என்று அந்த ஊர் வழக்கப்படி வணக்கம் சொன்னார்.

வீப்கேவுக்குத் தூக்கிவாரிப்போட்டது. "ஃப்ரௌ லூர்ஸ்! நீங்க... இங்கயா?"

"இங்க அப்படி என்னதான் இருக்குன்னு பார்க்க வந்தேன்." கெர்டா தன் கையிலிருந்த பையைத் திறந்து, ஓர் உருண்டை ரொட்டியை எடுத்து, இரண்டு விரலால் அழுத்தினார். ரொட்டி அமுங்கியது; மறுபடி எழவில்லை. "இதுக்காகவா என்னை விட்டுட்டு ஓடி வந்தீங்க?"

கல்லாவில் நின்ற பெண் முறைத்தாள்.

"படம் முடியறவரைக்கும் நான் நடிக்கிறவங்களோட பேசக்கூடாது. அது என் பழக்கம். தப்பா எடுத்துக்காதீங்க."

"ஏன், எனக்கு ஏதாவது தொத்துவியாதியா?"

"உங்களுக்கு இல்ல. எனக்குத்தான் தொத்திக்கும்."

கெர்டா அவளை மேலும் கீழும் பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்தினார். "ஒண்ணு மட்டும் சொல்லிடறேன். அந்த அழுற சீன்ல என் மனசையே கொட்டியிருக்கேன். எங்க அம்மா செத்தப்பகூட நான் அப்படி அழுததில்ல. பௌலிங் ஆடுற தோழிங்க எல்லார்கிட்டயும் சொல்லி வச்சிருக்கேன். ஒரு வரிசை முழுக்க வர்றாங்க, கைக்குட்டையோட." சொல்லிவிட்டு, திரும்பிப் பார்க்காமல் போய்விட்டார்.

வீப்கே பஞ்சு ரொட்டியை வாங்கிக்கொண்டு அறைக்குப் போனாள். தொத்திக்கும் என்று சொன்னது உண்மையாகிவிட்டது. இனிமேல் அந்தக் காட்சியை ஓடவிட்டால் பின்வரிசையில் கைக்குட்டையோடு ஒரு பௌலிங் கூட்டமும் சேர்ந்து உட்கார்ந்துகொள்ளும்.

படத்தின் கதை சின்னது. மகன் நார்வேக்கு வேலைக்குப் போகிறான். அம்மா அவனுக்கு ரொட்டியும் முட்டையும் வைத்துக் கொடுக்கிறார். அவன் சாப்பிட்டுவிட்டுக் கிளம்புகிறான். கதவு மூடுகிறது. அம்மா அந்த மேசையிலேயே உட்கார்ந்து அழுகிறார். கெர்டா உண்மையிலேயே நன்றாக அழுதிருந்தார். முதலில் உதடு, அப்புறம் தோள், அப்புறம் அடக்கவே முடியாமல் முழுசாக. எந்த எடிட்டரும் கையெடுத்துக் கும்பிட்டு உள்ளே வைத்துக்கொள்வார்.

வீப்கே வைத்துப் பார்த்தாள். பார்க்கும்போதே ஏதோ உறுத்தியது. எடுத்துவிட்டுப் பார்த்தாள். படம் கொஞ்சம் மூச்சு விட்டது. உடனே அடுத்த சந்தேகம் வந்து பிடித்தது. இது படத்துக்காக எடுத்ததா? இல்லை, தெரிந்தவர் என்று சலுகை காட்டவில்லை என எனக்கு நானே நிரூபித்துக்கொள்ள எடுத்ததா? நீதிபதியின் மகனுக்குத்தான் எப்போதும் கூடுதல் தண்டனை. மறுபடி உள்ளே வைத்தாள். இப்போது, பட்டை ரொட்டிக்கு விசுவாசமா என்று மனம் கேட்டது.

படத்துக்குப் பணம் போட்ட தொலைக்காட்சி நிலையத்திலிருந்து ஓர் அதிகாரி முதல் வடிவத்தைப் பார்க்க வந்தார். பார்த்து முடித்துக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "அந்த அழுகைதான் இந்தப் படத்தோட உயிரே. வேற எத வேணா எடுங்க, அதுல மட்டும் கை வைக்காதீங்க" என்றார். யோஸ்டும் தலையாட்டினான்.

அவர் போனதும் வீப்கே சொன்னாள், "அது வேணாம்னு தோணுது."

"உனக்குப் பைத்தியம் புடிச்சிருக்கு. அந்த ஆளே கண்ணைத் துடைச்சிக்கிட்டான்! நம்ம படத்துக்கு டிவிக்காரன் அழுது எந்தக் காலத்துல பார்த்திருக்க?"

"அதாண்டா. அழுதான், முடிஞ்சுது. அம்மா அழுதுட்டாங்க, அப்பாடான்னு ஆயிடுது. அதுக்கப்புறம் அவனுக்கு அந்த அம்மாவைப் பத்திக் கவலையே இல்ல. காபி எங்கன்னு கேட்டான் பார்த்தியா?"

யோஸ்ட் அதிகாரி வைத்துவிட்டுப் போன காபிக் கோப்பையைப் பார்த்தான். அதிகாரி கேட்டது உண்மைதான். "சரி, அழுகைய எடுத்துட்டு அங்க என்ன வைப்ப? வெறும் கதவா?"

அவள் கணினியை அணைத்துவிட்டுக் கோட்டை எடுத்துக்கொண்டாள்.

மறுநாள் அவன் வராதபோது, அந்தக் காட்சிக்காகத் திரும்பத் திரும்ப எடுத்த எல்லா டேக்குகளையும் முதலிலிருந்து கடைசிவரை ஓடவிட்டாள். யோஸ்ட் ஷாட் முடிந்தால் "கட்" என்று கத்துகிறவன் இல்லை. மெதுவாக "நன்றி" என்பான். அவன் குரல் எழும்புவதற்குள் கேமராக்காரர் இன்னும் கொஞ்சம் ஓடவிட்டிருப்பார். ஒரு டேக்கில் "நன்றி" என்ற பிறகும் கேமரா நிற்கவில்லை. கெர்டா சட்டைக்கையால் முகத்தைத் துடைத்தார். மேசையில் ரொட்டித் துணுக்குகள் கிடந்தன. வலதுகையால் அவற்றைக் கூட்டி, மேசை விளிம்புக்குத் தள்ளி, இடது உள்ளங்கையில் ஏந்திக்கொண்டார். அப்புறம் சுற்றும்முற்றும் பார்த்தார். கையை மெல்ல மூடினார். மூடிய கையை மடியில் வைத்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்திருந்தார்.

வீப்கே நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டாள்.

எட்டு வருடமாக அவள் அந்தக் கையைப் பார்த்திருக்கிறாள். கடையில் கெர்டா ஒரு நாளைக்கு நூறு தடவை துணுக்குகளைக் கூட்டுவார். கூட்டிய கை நிற்காது. அதே வீச்சில் பக்கத்து வாளிக்குப் போய்த் தட்டிவிட்டுத் திரும்பும், அடுத்தவருக்கு ரொட்டி எடுக்கும். அந்தக் கை இங்கே போக இடமில்லாமல் நிற்கிறது. படப்பிடிப்புக்காக வாடகைக்கு எடுத்த வீடு அது. குப்பைவாளி எங்கே என்று கெர்டாவுக்குத் தெரியாது. ஆனால் திரையில் தெரிவது, தன் சொந்தச் சமையலறையில் எதை எங்கே போடுவது என்று திடீரென்று தெரியாமல் போய்விட்ட ஓர் அம்மா.

முன்பின் தெரியாதவள் இதைப் பார்த்திருப்பாளா? மேசை துடைக்கிறார் என்று அடுத்த டேக்குக்குப் போயிருப்பாள். வீப்கே அதை நினைத்து வெகுநேரம் அறைக்குள் நடந்தாள். இத்தனை வருடம் கட்டிக்காத்த விரதத்தில் இதுபோல எத்தனை கைகள் தப்பிப்போயிருக்கும்? இல்லை, அந்த விரதம் இருந்ததால்தான் இந்த ஒரு கை இவ்வளவு பளிச்சென்று தெரிந்ததா? இரண்டுக்கும் அவளால் சாட்சி சொல்ல முடிந்தது. கடைசியில் உட்கார்ந்து வேலையைப் பார்த்தாள். கதவு மூடுகிறது. கை. அவ்வளவுதான்.

யோஸ்ட் பார்த்துவிட்டுக் காபி கேட்கவில்லை; இன்னொரு தரம் ஓடவிடச் சொன்னான். பிறகு, "டிவிக்காரன்கிட்ட நான் பேசிக்கறேன். ஃப்ரௌ லூர்ஸ்கிட்டயும் நானே போன்ல சொல்லிடறேன், அது என் வேலை" என்றான்.

வெட்டுப்பட்டவருக்கு முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும் என்பது அவர்களிடையே எழுதாத சட்டம். தியேட்டரில் உட்கார்ந்து தேடவிடுவது பாவம். எப்போதும் யோஸ்ட்தான் சொல்வான்.

"இல்ல," என்றாள் வீப்கே. "நான் போறேன்."

"பேசமாட்டேங்கற உன் விரதம்?"

"அது போய் ஒரு வாரம் ஆச்சு."

காலை நேரம். கடையில் கூட்டம். வீப்கே வரிசையின் கடைசியில் நின்றாள். முறை வந்ததும் கெர்டா நிமிர்ந்தே பார்க்காமல், "வழி தவறி வந்துட்டீங்களா?" என்றார்.

"ஃப்ரௌ லூர்ஸ், அழுற சீனை எடுத்துட்டேன்."

ரொட்டி எடுக்கும் இடுக்கி அந்தரத்தில் நின்றது.

"யாரு எடுத்தது? அந்த மீசைக்கார டைரக்டரா?"

"அவரு இல்ல. அவரு வேணும்னுதான் சொன்னாரு. டிவிக்காரரும் வேணும்னாரு. நான்தான் எடுத்தேன்."

கெர்டா இடுக்கியைக் கீழே வைத்தார். ஏப்ரனில் கையைத் துடைத்தார். கல்லாவைச் சுற்றிக்கொண்டு வெளியே வந்து அவள் முன்னால் நின்றார்.

"உங்களை நல்லாத் திட்டணும்போல இருக்கு. ஆனா 'நீங்க, வாங்க'ன்னு வச்சிக்கிட்டு எனக்குத் திட்ட வராது. நான் மூத்தவ, நானே சொல்றேன். இனிமே 'நீ, வா'தான். என் பேரு கெர்டா."

"வீப்கே."

"சரி வீப்கே. நீ ஒரு கல்நெஞ்சுக்காரி! கண்ணு வீங்க வீங்க அழுதேன். ரெண்டு நாளைக்கு ஒத்தடம் கொடுத்தேன். நல்லா இல்லையா அது?"

"ரொம்ப நல்லா இருந்துச்சு."

"அப்புறம் என்ன கேடு?"

"நீங்க... நீ அழுதுட்டா பார்க்குறவனுக்கு நிம்மதி ஆயிடுது, கெர்டா."

"ஆகட்டுமே! காசு கொடுத்து வர்றான், நிம்மதியாப் போகக்கூடாதா?"

"அம்மணிகளா," என்று வரிசையிலிருந்து ஒரு வழுக்கைத்தலை ஆசாமி எட்டிப் பார்த்தார், "ரொட்டிக்கு நிக்கிற நாங்களும் அழணுமா?"

"உனக்கு நேத்து வாங்குனதே மிச்சம் இருக்கும், சும்மா இரு" என்றார் கெர்டா. பிறகு வீப்கேவிடம், "அப்போ நான் எதுல வர்றேன்? மொத்தமாப் போயிட்டேனா?"

"கதவு மூடினதும் மேசையில இருக்கிற துணுக்கைக் கூட்டுற. எங்க போடறதுன்னு தெரியாம கையில வச்சிக்கிட்டு உக்காந்திருக்க."

"அது நடிப்பே இல்லையே! அந்த வீட்டுல குப்பைவாளியக் காணோம்டி!"

"தெரியும்."

கெர்டா அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். முகத்தில் கோபம் இருந்தது, வேறு ஏதோ ஒன்றும் இருந்தது. "என் தோழிங்க கைக்குட்டை வாங்கி வச்சிருக்காங்க. அவங்ககிட்ட நான் என்ன சொல்ல? குப்பை கூட்டுறேன்னா?" என்றார். "நீ வந்து சொல்லு. அன்னிக்கு நீ என் பக்கத்துலதான் உக்காரணும்."

செப்டம்பரில் ஆல்டோனாவில் ஒரு சின்னத் தியேட்டரில் முதல் காட்சி. ஒரு வரிசை முழுக்க பௌலிங் தோழிகள். நடுவில் கெர்டா, பக்கத்தில் வீப்கே. கதவு மூடியது. கை வந்தது. துணுக்குகள், உள்ளங்கை, சுற்றிப் பார்க்கும் கண். வரிசைக் கோடியிலிருந்து ஒரு தோழி, "ஐயோ, எங்க போடறதுன்னு தெரியலடி அவளுக்கு" என்று பக்கத்தில் இருப்பவரிடம் சொன்னது எல்லோருக்கும் கேட்டது. யாரும் சிரிக்கவில்லை. கெர்டா வீப்கேவின் முழங்கையை இறுகப் பிடித்தார். காட்சி மாறியும் விடவில்லை.

படம் முடிந்து எல்லோரும் முன்கூடத்தில் பியர் கோப்பைகளோடு கூடினார்கள். கெர்டாவைச் சுற்றித் தோழிகள்.

"நல்லாத்தான் இருந்துச்சு," என்றாள் ஒருத்தி, "ஆனா அழுவேன்னு சொன்னியே?"

"அழுதேன்டி. பிரமாதமா அழுதேன். இதோ நிக்கிறாளே, எங்க தெருக்காரி, இவதான் வெட்டிட்டா. பெரிய எடிட்டர். டிவிக்காரன் சொல்லியே கேக்கல." குரலில் பெருமை இருந்தது, அதில் பாதி வீப்கேவைப் பற்றியது. "எனக்கு இன்னும் சம்மதம் இல்ல. இருங்க, எப்படி அழுதேன்னு காட்டறேன். இதப் புடி."

கோப்பையை ஒருத்தியிடம் கொடுத்துவிட்டு, அறிவிப்புத் தட்டிகளுக்கு நடுவே ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். கூடம் மெல்ல அடங்கியது. முதலில் உதடு. அப்புறம் தோள். அப்புறம், அந்த வெளிச்சத்தில், கோட்டும் ஸ்கார்ஃபும் அணிந்த அத்தனை பேருக்கு நடுவில், அடக்கவே முடியாமல் முழுசாக. கைக்குட்டைகள் கடைசியில் வெளியே வந்தன.

யோஸ்ட் வீப்கேவின் காதருகே குனிந்தான். "எங்க வெட்டுவ?"

"வாயை மூடிக்கிட்டுப் பாரு" என்றாள் வீப்கே.